ஒன்று முதல் ஆறு வரை ஓதிய பாவா

ஏழுகண் பாவா எங்கள் ஊருக்கு வந்து நாற்பது நாளில் மூன்று காரியங்கள் நடந்தன. கடற்கரை வீதியில் ஓர் ஆட்டோ தரிப்பிடம் புதிதாக முளைத்தது. பாவா பரிகாரத்துக்குக் கேட்ட கறுப்புக் கோழிக்குத் தட்டுப்பாடு வந்தது. என் போட்டோக்கொப்பிக் கடையின் முன்னால் வாழ்நாளில் முதல் தடவையாக வரிசை நின்றது.

மூன்றாவதற்கு நானே பொறுப்பு. பாவாவைப் பார்க்க இலக்கத் துண்டு வேண்டும். அந்தத் துண்டை அச்சடித்துக் கொடுத்தவன் நான். ஊரார் என்னைக் கொப்பிக் காக்கா என்பார்கள்; எங்கள் பேச்சில் காக்கா என்றால் அண்ணன். ஆகவே, இந்தக் கதையில் கொப்பிக் காக்கா மட்டும் புத்திசாலி என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். முதல் வாரமே போய், பாவாவின் முன்னால் கைகட்டி உட்கார்ந்து, வாயைப் பிளந்துவிட்டு வந்தவன்தான் நானும்.

முகத்தில் இரண்டு கண், மற்ற ஐந்தும் ஜின் இரவல் கொடுத்தவை. அதனால் ஏழுகண் பாவா. அவர் கையைப் பார்க்கமாட்டார், நாள் கேட்கமாட்டார், மை போடமாட்டார். பெயரையும் வீதியையும் மட்டும் கேட்டுவிட்டு உள்ளறைக்குப் போவார். கொஞ்ச நேரம் இசும் என்று ஏதோ மந்திரம் ஓதுவார். வெளியே வந்து, பச்சைத் தலைப்பாகையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு கண்ணை மூடுவார். எனக்கு முன்னால் இருந்த ஓர் அம்மாவிடம் சொன்னது இது:

"உங்கட ஹோலில ஊதாத் திரைச்சீலை. அதுக்குக் கீழ கால் ஒடைஞ்ச கதிரை. நேத்து அசருக்குப் பொறகு உங்கட மருமகன் வந்து கோவமாக் கதைச்சிட்டுப் போனார். மெய்யா, பொய்யா?"

"மெய்தான் பாவா! யா அல்லாஹ், மெய்தான்!"

அந்த அம்மாவைப் பிடித்து உட்காரவைக்க இரண்டு பேர் வேண்டியிருந்தது. பின்னால் நின்றவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். பாவா காசைத் தொடமாட்டார், ஹறாம். உறையைத் தொடுவார். உறைக்குள்ளே என்ன இருக்கிறது என்பது உறைக்கும் அவருக்கும் இடையிலுள்ள விஷயம்.

நற்பிட்டிமுனையிலிருந்து டிரக்டரில் வந்தார்கள். மருதமுனையிலிருந்து வான் பிடித்து வந்தார்கள். சாகாமத்திலிருந்து ஒரு வயல்காரர், வேளாண்மையை யானை அழிக்கிறது, எந்தப் பக்கத்தால் வருகிறது என்று கேட்க வந்தார். வயல் விஷயம் ஜின்னுக்குக் கொஞ்சம் மட்டு. "யானையும் அல்லாஹ்ட படைப்பு" என்று சொல்லித் தாயத்து ஒன்றைக் கொடுத்து அனுப்பினார் பாவா.

ஜின் உண்டா என்று என்னிடம் கேட்காதீர்கள். அது மார்க்கம் படித்தவர்களின் கேள்வி. மௌலவி ஒருவர் ஜும்ஆவில் எழுந்து, ஜின்னை வைத்துப் பிழைப்பு நடத்துவது பெரும்பாவம் என்று சொல்லத்தான் செய்தார். கூட்டம் ஆமீன் சொல்லிவிட்டு, தொழுகை முடிந்ததும் நேரே என் கடைக்குத்தான் துண்டு வாங்க வந்தது.

இனிக் கமராக் கதைக்கு வருகிறேன். எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்கு. கலியாணம் முடிந்தால் மாப்பிள்ளைதான் பெண்ணின் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். ஆறு மாதம் குடியிருந்துவிட்டுக் கட்டாருக்கோ சவூதிக்கோ போய்விடுவார். போன மனிதருக்கு வீட்டு ஞாபகம் வரும். ஹோல் என்கிற முன்கூடத்தில் ஒரு கமரா வைக்கச் சொல்லுவார். பிள்ளை தவழ்வதைத் தோஹாவிலிருந்து போனில் பார்க்கலாம். பெண்சாதி என்ன செய்கிறாள் என்பதையும் பார்க்கலாம். இரண்டாவதை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

ஊரிலுள்ள கமராக்களில் முக்கால்வாசியைப் பொருத்தியவன் கமரா ஸாஜித். நல்ல பொடியன். வேலை முடிந்ததும் வாசல் கேற்றில் ஒரு ஸ்டிக்கர் ஒட்டுவான். 'இவ்வீடு கமராக் கண்காணிப்பில் உள்ளது' என்ற எழுத்து, கீழே அவனுடைய போன் நம்பர், அதற்குக் கீழே கறுப்புப் புள்ளிகள் நிறைந்த ஒரு சதுரம். அந்தச் சதுரத்தைப் போனில் பிடித்தால் அந்த வீட்டுக் கமரா போனில் சேர்ந்துகொள்ளும். வெளிநாட்டு மச்சான்மார் லீவில் வந்தால் லேசாகச் சேர்த்துக்கொள்ளட்டும் என்பது அவனுடைய நல்லெண்ணம். என் கடையின் சட்டரிலும் ஒன்று ஒட்டியிருந்தான்.

முஸ்பிறாவின் வீட்டுக் கேற்றிலும் அதே ஸ்டிக்கர்தான். அவளுடைய வாப்பா இரண்டு ஏக்கர் வயலை விற்று எங்கள் சாய்ந்தமருதில் அந்த வீட்டைக் கட்டிக் கொடுத்தார். கொடுத்த மறுவருஷம் மவுத்தாகிக் கண்மூடினார். புருஷன் அஹ்ஸன் தோஹாவில். மூன்று வயதுப் பெண் குழந்தை. உம்மா பாத்தும்மா பக்கத்து வளவில். வாப்பா விட்டுப்போனதில் அவளுக்கென்று மிஞ்சியிருந்தது அந்த வீடு ஒன்றுதான்.

ஒரு திங்கட்கிழமை, நண்பகல் ளுஹர் பாங்கு சொல்லி முடிந்த கையோடு, ஹோல் சுவரில் இருந்த கமரா தானாகக் கழுத்தைத் திருப்பியது. இந்தப் பக்கம் திரும்பியது, அந்தப் பக்கம் திரும்பியது, முஸ்பிறாவைக் கண்டதும் நின்றது. பிறகு ஆண்குரலில் ஓர் இருமல். இருமலுக்குப் பிறகு ஒரு வசனம்.

"இது எங்கட பாதை. எழும்பிப் போ."

முஸ்பிறா குழந்தையைத் தூக்கிக்கொண்டு உம்மா வீட்டுக்கு ஓடினாள். பாத்தும்மா அடுத்த நாளே மகளைப் பாவாவிடம் இழுத்துக்கொண்டு போனாள். உள்ளறையிலிருந்து வந்த பாவாவே எல்லாவற்றையும் ஒப்புவித்தார். குழந்தையின் சிவப்புச் சட்டை, ஓடும்போது தட்டுப்பட்டு உடைந்த பால் கோப்பை, ஜின் பேசிய வசனம் கூட எழுத்துப் பிசகாமல் வந்தது. பிறகு தீர்ப்பு.

"அந்த வீடு ஏழு தலைமுறையா ஜின் போற பாதையில கட்டியிருக்கி. நாப்பது நாளைக்குள்ள கைமாத்தாட்டி புள்ளைக்கு ஆகாது."

காணிப் புரோக்கர் மஜீட் தற்செயலாகப் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். அவரிடம் தற்செயலாக ஓர் ஆள் இருந்தார். அந்த ஆள் ஜின்னுக்குப் பயப்படாதவர், பாதி விலைக்கு வாங்கத் தயாராக இருந்தார். இவ்வளவு தற்செயல்களும் ஒரே பாயில் உட்கார்ந்திருந்தும் யாருக்கும் ஒன்றும் தோன்றவில்லை.

அஹ்ஸன் தோஹாவிலிருந்து அழுதுகொண்டு கதைத்தான். பாவா அவனோடும் வாட்ஸ்அப்பில் பேசி, முந்தாநாள் குழந்தை ஹோலில் விழுந்து நெற்றியில் புடைத்ததைச் சொல்லியிருக்கிறார். அதை அஹ்ஸனும் தன் போனில் பார்த்தவன்தான். அவன் பார்த்தால் அது வெறும் போன் அப். பாவா பார்த்தால் அது அற்புதம்.

"வித்திடு முஸ்பிறா. எனக்கு வீடு வேணாம், புள்ளதான் வேணும்."

இப்படியாக ஒரு புதன்கிழமை காலையில், உறுதிப் பத்திரத்தைக் கொப்பி எடுக்க முஸ்பிறா என் கடைக்கு வந்தாள். கூடவே அவளுடைய சாச்சியின் மகள் மர்ஷூதா. இரண்டு வயது மூத்தவள், முஸ்பிறாவுக்கு ராத்தா, அக்கா முறை; மருதமுனையில் ஒரு கைத்தறிச் சாலையில் வெளியூர் ஓடர்களைக் கணினியில் பார்க்கிறவள். பச்சை உறைக்குள் இருந்த பத்திரத்தை என்னிடம் தர முஸ்பிறாவுக்கு மனம் வரவில்லை.

"வாப்பாட கையெழுத்து இதுலதான் இரிக்கி காக்கா. கசங்காமப் பாத்து எடுங்க."

பத்திரத்தை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணாடியில் விரித்தேன். மெஷினைத் தட்டிவிட்டேன். அந்த நேரம் பெரியநீலாவணை இராசதுரை வந்தார். கடற்றொழில்காரர். மூன்று மாதத்துக்கு முன் அவருடைய வள்ளத்து எஞ்சினை யாரோ கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

"காக்கா, இன்னொரு நம்பர் தாங்க. இது மூணாவது தரம்."

"பாவா என்ன சொல்றாரு?"

"என்னத்தச் சொல்ற? நாப்பது நாள் கழிச்சு வா எண்டுறார். எனக்கு முன்னுக்கு நிண்ட அச்சிமுகம்மது ஹாஜியாருக்கு, அவர்ர வீட்டு மணிக்கூடு பத்து நிமிஷம் பிந்தி ஓடுற வரைக்கும் சொன்னார். என்ட வீட்டப் பத்தி ஒரு சொல்லு வருகுதில்ல. ஏன், ஜின்னுக்கும் ஏழையெண்டா கண் தெரியாதா?"

நான் சிரித்தேன். மர்ஷூதா சிரிக்கவில்லை.

"அண்ணன், உங்கட வீட்டுல கமரா இரிக்கா?"

"கமராவா? கூரையே ஒழுகுது புள்ள."

"ஹாஜியார் வீட்டுல மூணு இரிக்கி." அவள் என் பக்கம் திரும்பினாள். "காக்கா, உங்களுக்குப் பாவா என்ன சொன்னாரு?"

சொல்ல வெட்கமாக இருந்தது. எனக்குச் சீனி வருத்தம். என் மனிசிக்குத் தெரியாமல் கடை மேசை லாச்சிக்குள் இனிப்பு வட்டிலப்பம் வைத்துச் சாப்பிடுகிறேன். உலகத்தில் எனக்கு மட்டும் தெரிந்த அந்த இரகசியத்தைப் பாவா சபையில் வைத்துச் சொன்னார். அன்றைக்குத்தான் நான் வாயைப் பிளந்தேன்.

மர்ஷூதா தலையை உயர்த்திக் கடைச் சுவரில் இருந்த கமராவைப் பார்த்தாள். வெளியே போய்ச் சட்டரில் இருந்த ஸ்டிக்கரைப் போனில் பிடித்தாள். போன் பெயர் கேட்டது, அட்மின் என்று அடித்தாள். பாஸ்வேர்ட் கேட்டது. ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து, ஆறு.

"இஞ்ச பாருங்க காக்கா."

பார்த்தேன். ஒரு மேசை, ஒரு மெஷின், நடுவில் பளபளவென்று ஒரு வழுக்கை. என் வழுக்கையை மேலேயிருந்து நான் பார்த்தது அதுதான் முதல் தரம். இராசதுரை எட்டிப் பார்த்து, "லாச்சிக்குள்ள இன்னும் கிடக்கு போல" என்றார்.

"உனக்கு எப்பிடிகா தெரியும் இது?" என்று முஸ்பிறா கேட்டாள். அவள் குரலே மாறியிருந்தது.

"கமரா வரக்குள்ள கம்பனிக்காரன் எல்லாத்துக்கும் ஒரே பேரும் ஒரே நம்பரும் போட்டுத்தான் அனுப்புவான். வீட்டுல பொருத்தின பொறகு நாமதான் மாத்தணும். எங்கட தறிச்சாலை வைபைப் பெட்டியில மாத்தாம விட்டு நான் ஒரு தரம் நல்லாப் பட்டிரிக்கன். ஸாஜித் ஊருல ஒரு வீட்டுலயும் மாத்தல்ல. ஊர்ப் பூட்டு முழுக்க ஒரே திறப்பு. எந்தக் கதவு எண்டதையும் கேற்றுல ஒட்டி வெச்சிரிக்கான்."

"அப்ப அந்த இருமல்?"

"கமராக்குள்ள ஸ்பீக்கர் இரிக்கி. கழுத்தும் திரும்பும். ஆரு உள்ள வந்தாலும் திருப்பலாம், கதைக்கலாம், கேக்கலாம்."

முஸ்பிறா மெஷினிலிருந்து உறுதிப் பத்திரத்தை எடுத்து உறைக்குள் வைத்தாள். பயம் போன இடத்தில் கோபம் வந்து உட்காருவதை நான் கண்ணால் கண்டேன்.

"நான் முக்காடில்லாம இரிக்கிற ஹோல் அது ராத்தா" என்றாள்.

"இப்பவே போய் ஊருக்குச் சொல்லுவம்!" என்று நான் குதித்தேன். மர்ஷூதா கையைக் காட்டி நிறுத்தினாள்.

"சொன்னா நம்புவாங்களா? பாவாட ஜின் கமராக்குள்ளயும் வரும் எண்டுவாங்க. அவங்கட கண்ணுக்கு முன்னுக்குக் காட்டணும். முஸ்பிறா, வீட்டுக்குப் போ. ஒண்டும் தெரியாத மாதிரி இரி. பாஸ்வேர்ட மாத்தாத, இன்னும் ஒரு நாளைக்கு அந்தாள் பாக்கட்டும்."

மறுநாள் வியாழக்கிழமை. பின்னேரம் அசர் தொழுகைக்குப் பிறகு பாவாவின் பெரிய சபை. முற்றம் நிறைந்து, வேலிக்கு மேலாலும் தலைகள் தெரிந்தன. முன்வரிசையில் அச்சிமுகம்மது ஹாஜியார். பாவா குடியிருந்த வீட்டுக்கு வாடகை வாங்காதவர், பாவாவை ஊருக்குக் கொண்டுவந்த புண்ணியமும் தனதே என்று சொல்லித் திரிகிறவர். பாவாவின் வலப்பக்கம் மஜீட்.

மர்ஷூதா ஒரு பிஸ்கட் டின்னோடு போய் உட்கார்ந்தாள். நானும் இராசதுரையும் பின்னால்.

"பாவா, இது முஸ்பிறா குடுத்து விட்ட டின். தொறக்காம உள்ளுக்கு என்ன இரிக்கி எண்டு சொல்லுங்க."

பாவா உள்ளறைக்குக் கூடப் போகவில்லை. காலையில் முஸ்பிறா ஹோலின் நடுவில் நின்று, கமராவுக்கு நேரே, உறுதிப் பத்திரத்தை அந்த டின்னுக்குள் வைத்து மூடியதை அவர் ஏற்கெனவே பார்த்திருந்தார். அடுப்படிக்குப் போன டின்னுக்கு அங்கே என்ன நடந்தது என்பது அவருக்குத் தெரியாது. அடுப்படியில் கமரா இல்லை.

"பச்சை உறை. உறைக்குள்ள வீட்டு உறுதி. பயந்து போய் அனுப்பியிருக்கா பாவம்."

மர்ஷூதா மூடியைத் திறந்து டின்னைச் சபைக்குக் காட்டினாள். உள்ளே கருவாடு. நல்ல கட்டாக் கருவாடு, மணம் பின்வரிசை வரைக்கும் வந்தது.

பாவாவின் முகத்தில் இரண்டு கண்ணும் ஒரு கணம் தடுமாறின, மற்ற ஐந்தும் என்ன செய்தன என்று தெரியாது. முடிந்தது கதை என்று நான் இராசதுரையின் தொடையில் தட்டினேன். அப்போது ஹாஜியார் எழுந்தார்.

"சுபுஹானல்லாஹ்! உறுதியையே கருவாடா மாத்திட்டானே ஜின்!"

அவ்வளவுதான். முற்றம் அதிர்ந்தது. ஒருவர் அழுதார். ஒரு பெண் அந்தக் கருவாட்டில் ஒரு துண்டு வீட்டில் பறக்கத்துப் பெருகத் தர முடியுமா என்று கேட்டாள். பாவாவுக்கு மூச்சு வந்தது. "அந்த வீட்டு ஜின் அவ்வளவு பொல்லாதது" என்று அவரே தலையாட்டினார். மஜீட் இனி விலை இன்னும் குறையும் என்ற முகத்தோடு தாடியைத் தடவினார்.

எனக்கு எழுந்து கத்த வேண்டும் போல இருந்தது. மர்ஷூதா என்னைத் திரும்பியே பார்க்கவில்லை. இதையும் அவள் எதிர்பார்த்திருந்தாள்.

"அப்ப இன்னொண்டு பாவா. முஸ்பிறா இப்ப, இந்த நிமிஷம், அவட ஹோலில உம்மாவோட இருந்து வீட்ட விக்கிறதா இல்லையா எண்டு முடிவெடுக்கிறா. இஞ்ச இருந்து கேட்டுச் சொல்லுங்க. சொன்னா நாளைக்கே கையெழுத்து."

மஜீட் பாவாவைப் பார்த்தார். பாவா மஜீட்டைப் பார்த்தார். நாளைக்கே கையெழுத்து என்றால் எந்த ஜின்தான் மறுக்கும்? பாவா கண்ணை மூடி, ஒரு கையை ஜுப்பாவுக்குள் விட்டார், மறு கையால் தலைப்பாகையை வலது காதோடு சேர்த்துப் பிடித்தார். உதடுகள் அசைந்தன.

"பேசறா... ஆ... ஜின் கொண்டு வருது."

மூன்று தெரு தள்ளி, தன் ஹோலில், முஸ்பிறா கமராவுக்கு அருகே கதிரை போட்டு ஏறி நின்று, காதுக்குள் சொல்வது போல முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். மெல்லச் சொன்னால் கேட்கிறவன் சத்தத்தைக் கூட்டுவான். அதுதான் மர்ஷூதா சொல்லிக்கொடுத்தது.

"வீட்டக்... குடுக்கிறது எண்டா... எண்டு சொல்றா" என்றார் பாவா. ஜுப்பாவுக்குள் விரல் அசைந்தது. சத்தம் கூடியது. "வாப்பா... தந்த வீடு எண்டு..." விரல் மறுபடி அசைந்தது. நெற்றி சுருங்கியது. முழு உடம்பும் அந்த ஒரு காதுக்குள் போய் உட்கார்ந்தது.

என் வேலை அப்போதுதான். சட்டைப் பைக்குள் இருந்த போனை அமுக்கி ஒரு மிஸ்ட் கோல். அங்கே பாத்தும்மாவின் மடியில் சத்தம் போடாமல் அதிரவிட்டிருந்த போன் அதிர்ந்தது. பாத்தும்மா தலையாட்டினாள். முஸ்பிறாவின் கையில், கந்தூரி விருந்தில் ஆறு பேர் சுற்றியிருந்து சாப்பிடும் பெரிய சவன் தட்டு. மறு கையில் இரும்பு அகப்பை. கமராவுக்கு ஒரு சாண் தூரத்தில் வைத்து, பலம்கொண்ட மட்டும் ஓங்கி ஓர் அடி.

எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. நாங்கள் கண்டது இவ்வளவுதான்: ஏழுகண் பாவா உட்கார்ந்த இடத்திலிருந்து ஒரு முழம் மேலே போனார்.

"என்ட உம்மோ!"

தலைப்பாகை ஒரு பக்கம் பறந்தது. வலது காதைப் பொத்திக்கொண்டு இரண்டு சுற்றுச் சுற்றினார். காதுக்குள்ளிருந்து கடலைக்கொட்டை அளவில் வயரில்லாத வெள்ளை இயர்போன் ஒன்று விழுந்து உருண்டுபோய் இராசதுரையின் காலடியில் நின்றது. ஜுப்பாவுக்குள்ளிருந்து போன் வழுக்கி விழுந்தது. இராசதுரை இரண்டையும் எடுத்தார். போனில் எதையோ அமுக்கிச் சத்தத்தைக் காதுக்குழாயிலிருந்து போன் ஸ்பீக்கருக்கு மாற்றினார். முஸ்பிறாவின் குரல் முற்றம் முழுக்கக் கேட்டது.

"பாவா, கேட்டிச்சா? வாப்பா தந்த வீட்ட நான் விக்க மாட்டன். கேக்காட்டி சொல்லுங்க, இன்னொரு தரம் அடிக்கிறன்."

இராசதுரை போனைத் தூக்கிப் பிடித்தார். அதில் முஸ்பிறா அகப்பையோடு நின்றாள்.

"இது ஜின்னுட போன்!" என்றார் பாவா. தொழிலை விட அவருக்கு மனம் வரவில்லை.

"அப்ப ஜின்னுக்கு அடையாள அட்டை காட்டி சிம் எடுத்துக் குடுத்தது ஆரு?" என்றார் இராசதுரை.

மர்ஷூதா போனை வாங்கி விரலால் தள்ளினாள். ஒரு ஹோல் வந்தது, ஊதாத் திரைச்சீலை, கால் உடைந்த கதிரை. இன்னொரு ஹோல். இன்னொன்று. என் கடை, என் லாச்சி. அறுபத்துமூன்று வீடுகள், வீதிப் பெயரோடு வரிசையாக அடுக்கியிருந்தன. ஒரு படத்தில் மணிக்கூடு பத்து நிமிஷம் பிந்தி ஓடியது. அதன் கீழே ஹாஜியாரின் மனைவி, குளித்த தலையை விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தார். ஹாஜியார் பாய்ந்து வந்து இரண்டு கையாலும் போனை மூடினார். கருவாட்டுக்கு சுபுஹானல்லாஹ் சொன்ன வாய் திறக்கவேயில்லை.

கூட்டம் அப்போதுதான் விழித்தது. கருவாட்டில் விழிக்கவில்லை, பாதி விலை வீட்டில் விழிக்கவில்லை. அவரவர் வீட்டு ஹோலை அந்நிய மனிதனின் கையில் கண்டபோதுதான் விழித்தது. நாற்பது நாளாக இந்த ஊரின் பெண்களை அவன் உட்கார்ந்து பார்த்திருக்கிறான். அதற்கு உறையும் வாங்கியிருக்கிறான். அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் வயிறு எரிகிறது. அந்த இலக்கத் துண்டுகளை அச்சடித்தவன் நான் என்பதை நினைத்தால் இன்னும் எரிகிறது.

பொலிஸ் வரும்வரை அவரைக் காப்பாற்றி வைத்ததும் இராசதுரைதான், இல்லாவிட்டால் அடி விழுந்திருக்கும். பாவாவின் பெயர் ஹாதிக், வேறு மாவட்டத்தில் ஒரு கமராக் கடையில் உதவியாளாக இருந்து வேலையைவிட்டு விரட்டப்பட்டவர் என்பது அன்றைக்கே தெரிந்தது. கேற்றுக் கேற்றாகப் போய் ஸ்டிக்கரைப் படம் பிடித்ததுதான் அவர் செய்த தவம். மஜீட் பாவா துள்ளியதுமே நழுவியிருக்க வேண்டும், செருப்பு மட்டும் கிடந்தது.

மறுநாள் கமரா ஸாஜித் என் கடையில் வந்து மர்ஷூதாவின் முன்னால் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தான்.

"எல்லாருக்கும் லேசா ஞாபகத்தில இரிக்கட்டும் எண்டுதான் மாத்தாம விட்டன் ராத்தா. மாத்திக் குடுத்தா மறந்திட்டு எனக்குத்தான் கோல் எடுப்பாங்க."

"ஒனக்குக் கோல் வராம இரிக்க ஊரையே தொறந்து போட்டிரிக்காய்" என்றாள் மர்ஷூதா. "இனி வீட்டுக்காரங்க அவங்கட கையால புதுப் பாஸ்வேர்ட் போடாம கமராவ நெட்டோட இணைக்காத. அதுவரைக்கும் அது வேலை செய்யப்படாது. கெதியா எழும்பு, அறுபத்திமூணு வீடு கிடக்கு. முதல்ல ஸ்டிக்கரக் கிழி."

அவள் சொன்னபடியே வீடு வீடாகப் போனான். பழைய நம்பரை எடுத்தார்கள். ஒவ்வொரு வீட்டாரும் தங்களுக்கு மட்டும் விளங்கும் நாலைந்து சொற்களைச் சேர்த்து நீளமாக ஒன்றை வைத்தார்கள். அட்மின் என்ற பெயரையும் விட்டுவைக்கவில்லை. புதிதாக ஒருவர் உள்ளே வரப் பார்த்தால் வீட்டுக்காரியின் போனுக்கு இரகசிய இலக்கம் வரும்படி செய்தார்கள். பல வீடுகளில் கமரா ஹோலைவிட்டுக் கேற்றைப் பார்க்கத் திரும்பியது.

முஸ்பிறா வீட்டிலும் திரும்பியது. அஹ்ஸன் தோஹாவிலிருந்து எடுத்தான்.

"புதுப் பாஸ்வேர்ட் என்ன? எனக்குத் தெறக்குதில்ல."

"அது வீட்டுக்காரிட பாஸ்வேர்ட். உங்களுக்கு வேற பேருல வேற ஒண்டு போட்டுத் தாறன். அதுல பாக்க மட்டும் ஏலும், திருப்ப ஏலா."

"ஹோல் தெரியாதா?"

"ஹோலப் பாக்கணுமெண்டா லீவு போட்டு வாங்க" என்றாள் முஸ்பிறா. அந்த மாதம் முடிவதற்குள் அவன் வந்தான். ஸ்பீக்கரில் இருமாமல், கேற்றடியில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட்டு வந்தான். உறுதிப் பத்திரம் மறுபடியும் அலுமாரிக்குள் போனது. கருவாட்டை அவர்கள் ஆக்கிச் சாப்பிட்டுவிட்டார்கள். எனக்கும் ஒரு கோப்பை வந்தது.

இத்தோடு ஊர் திருந்திவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் சொன்னால் பொய். போன கிழமை ஹாஜியார் மர்ஷூதாவைத் தேடி என் கடைக்கு வந்தார். கையில் ஒரு சிறிய கடதாசித் துண்டு.

"புள்ள, நீ படிச்ச புள்ள. ஒன்ட கையால ஒரு நல்ல பாஸ்வேர்டா எழுதித் தா. எழுதி, ஒரு தரம் ஓதி ஊதியும் தந்திடு. எங்கட வீட்டுக்கும் மகள்மார்ர வீட்டுக்கும் அதையே போடுறன்."

மர்ஷூதா அந்தத் துண்டை அவருடைய கைக்கே திருப்பிவிட்டாள்.

"நான் எழுதித் தந்தா எனக்குத் தெரியும் ஹாஜியார். மூணு வீட்டுக்கும் ஒண்டையே போட்டா, ஒரு வீட்டுல களவு போனா மூணு வீடும் போகும். நீங்களே யோசிச்சு, வீட்டுக்கொண்டா வையுங்க."

"யோசிக்கணுமா?" என்றார் ஹாஜியார், மிகவும் கவலையோடு.

ஆம் ஹாஜியார், யோசிக்கத்தான் வேண்டும். ஜின்னுக்குச் சுவரும் இல்லை கதவும் இல்லை என்றுதான் சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறோம். அப்படிப்பட்டதற்கு நம் வீட்டுக்குள் நுழைய அட்மின் என்ற பெயரும், ஒன்று முதல் ஆறு வரை எண்களும் ஏன் தேவைப்பட்டன? நாற்பது நாளில் ஒரேயொரு நாள், ஒரேயொருவர் இதைக் கேட்டிருந்தால், முஸ்பிறாவின் சவன் தட்டில் அகப்பை அடித்த அந்தப் பள்ளம் விழுந்திருக்காது.